எதைத் தொட்டாலும் மஞ்சள்

உப்பளங்களுக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூரில், மண்ணையும் தண்ணீரையும் சோதித்துச் சொல்லும் அறை ஒன்று இருந்தது. அதை நடத்தியவள் தமயந்தி. வயது முப்பத்து நான்கு. அவளிடம் பாடம் கேட்க வந்தவர் வைத்திலிங்கம். வயது அறுபது. முப்பது வருஷம் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர்.

அந்த வயதில் இதெல்லாம் எதற்கு என்று வீட்டில் எல்லோரும் கேட்டார்கள். அவருக்கு ஒரே ஒரு காரணம் இருந்தது. அவர் சிறு பிள்ளையாக இருந்தபோது, நிலத்தில் உப்பேறிவிட்டது என்று யாரோ சொன்னதைக் கேட்டு அவருடைய அப்பா இருந்த ஒரே வயலை விற்றுவிட்டார். யாரோ சொன்னது உண்மையா, பொய்யா? இன்றுவரை அவருக்குத் தெரியாது. அது நெஞ்சில் முள்ளாகவே இருந்தது.

தமயந்தி அவர் கையில் ஒரு பிளாட்டினம் கம்பியைக் கொடுத்தாள். அதைப் பொருளில் தோய்த்துச் சுடரில் காட்டினால், உள்ளே இருக்கும் தனிமம் தன் நிறத்தைக் காட்டிவிடும். கால்சியம் என்றால் செங்கல் நிறம். பொட்டாசியம் என்றால் கத்தரிப்பூ நிறம். சோடியம் என்றால் மஞ்சள்.

பத்து நாள் சோதித்தார். சுண்ணாம்பைத் தோய்த்தார், மஞ்சள் வந்தது. வாழைச் சாம்பலைத் தோய்த்தார், மஞ்சள். ஊர்க் கிணற்றுத் தண்ணீரிலும் மஞ்சள்தான்.

பத்தாம் நாள் அவர் கேட்டார்:

"டீச்சர், எல்லாத்துலயும் இருக்கறது சோடியம் ஒண்ணுதானா?"

கேட்ட விதத்திலேயே, ஆமாம் என்ற பதிலை அவர் எதிர்பார்ப்பது தெரிந்தது. மனுஷர் இரண்டு நாளாக அப்படி ஒரு தத்துவத்தில் இறங்கியிருந்தார். சமையல் உப்பில் அது, சோப்பில் அது, டெப்போவில் இரவெல்லாம் எரிந்த மஞ்சள் விளக்கிலும் அது. இருநூறு வருஷத்துக்கு முன்னால் யாரோ மின்சாரம் பாய்ச்சிப் பிரித்தெடுக்கும்வரை, உப்புக்குள்ளேயே முகம் காட்டாமல் இருந்ததும் அது. எல்லாம் ஒன்றே என்று சொல்ல இதற்கு மேல் என்ன வேண்டும்?

தமயந்திக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

"இன்னும் பாருங்கய்யா. அதுவரைக்கும் யாருக்கும் முடிவு சொல்லாதீங்க."

மறுநாள் காலை அவள் சோதனைக்குத் தண்ணீர் எடுத்துவரப் பக்கத்து ஊருக்குப் போயிருந்தாள். அறையில் வைத்திலிங்கம் மட்டும் இருந்தார். அப்போது அஞ்சம்மாள் என்றொரு பெண் டிபன் பாக்ஸில் மண்ணோடு வந்தாள். புருஷன் இல்லை, இருப்பது அந்த ஒரு வயல். உப்பேறிய மண், இனி ஒரு மணி நெல் விளையாது, வந்த விலைக்குத் தள்ளிவிடு என்று தரகர் பிடுங்கி எடுக்கிறாராம். பன்னிரண்டு மணிக்கு ரிஜிஸ்டர் ஆபீஸில் பத்திரம். அதற்குள் ஒரு வார்த்தை தெரிந்தால் போதும் என்றாள்.

டீச்சர் வரட்டும் என்று அவர் சொல்லிப் பார்த்தார். அவளுக்கு நேரமில்லை. அவள் முகத்தில் தன் அப்பாவின் முகம் தெரிந்ததும், டீச்சர் சொன்னது அவருக்கு மறந்துபோனது.

மண்ணைத் தண்ணீரில் கலக்கித் தெளியவைத்தார். கம்பியைத் தோய்த்துச் சுடரில் காட்டினார். சுடர் மஞ்சளாக எழுந்தது.

"உப்புதாம்மா" என்றார்.

அஞ்சம்மாள் அழவில்லை. இருந்த மண்ணை அங்கேயே கொட்டிவிட்டு, காலி டிபன் பாக்ஸை மூடி எடுத்துக்கொண்டு போனாள்.

பதினோரு மணிக்குத் தமயந்தி வந்தாள். அவர் நடந்ததைச் சொன்னார். அவள் திட்டவில்லை. காய்ச்சி வடித்த தண்ணீர் பாட்டிலை எடுத்து அவர் முன்னால் வைத்தாள். அதில் உப்பும் கிடையாது, ஒன்றும் கிடையாது.

"இதைச் சோதிங்க."

கம்பியைத் தோய்த்துக் காட்டினார். மஞ்சள்.

"இப்ப எதுலயும் தோய்க்காம வெறும் கம்பியைக் காட்டுங்க."

மஞ்சள்.

"பாத்தீங்களா டீச்சர், ஒண்ணுமில்லாததுலயும் அதுதான் இருக்கு" என்றார் வைத்திலிங்கம். ஆனால் இந்த முறை குரலில் தத்துவம் இல்லை.

"முதல்லேருந்து ஒரு தடவை செய்யுங்க. நிதானமா."

அவர் செய்தார். கம்பியை அமிலத்தில் தோய்த்து, தீயில் காட்டி, மறுபடி தோய்த்து, நிறம் வருவது நிற்கும்வரை சுத்தம் செய்தார். குறை சொல்ல இடமில்லாத வேலை. பிறகு கம்பி ஆறியதும் அதை விரல் நுனியால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

முப்பது வருஷமாக ஸ்டியரிங்கைத் தொட்டுக் கும்பிடாமல் அவர் வண்டியை எடுத்ததில்லை. வண்டியை முதலில் கழுவுவார், பிறகுதான் கும்பிடுவார். அழுக்கோடு கும்பிடக் கூடாது என்பது அவர் வழக்கம். வண்டி போய்க் கம்பி வந்தது, வழக்கம் போகவில்லை.

தமயந்தி இன்னொரு சுத்தமான கம்பியை எடுத்தாள். சுடரில் காட்டினாள். நிறமில்லை. அதை ஆறவிட்டு, அவர் ஆள்காட்டி விரலில் ஒரு முறை தேய்த்து மறுபடி காட்டினாள்.

சுடர் மஞ்சளாக எழுந்தது.

"வியர்வையில இருக்கற உப்புங்கய்யா. சுடர் மஞ்சளாகறதுக்கு இதுவே போதும்." குரல் இறங்கியிருந்தது. "பத்து நாளா நீங்க கும்பிட்டதை நானும் கவனிக்காம விட்டுட்டேன்."

வைத்திலிங்கம் தன் விரலைப் பார்த்துக்கொண்டு நின்றார். அப்பாவிடம் சொன்ன அந்த 'யாரோ' எப்படிப்பட்ட ஆளாக இருந்திருப்பான் என்று வாழ்நாள் முழுக்க யோசித்தவர் அவர். கெட்ட எண்ணம் இல்லாமலும் ஒருவன் அதைச் சொல்லியிருக்கலாம் என்பது இப்போதுதான் உறைத்தது.

"அப்ப அந்த மண்ணுல உப்பு இல்லையா?"

"இருக்கலாம். சுடர் என்ன இருக்குன்னு சொல்லும். எவ்வளவு இருக்குன்னு சொல்லாது. மீட்டர்ல அளக்கணும், அதுக்குச் சாயங்காலம் ஆகும்." மேஜையிலிருந்து ஸ்கூட்டி சாவியை எடுத்து நீட்டினாள். "நான் அளக்கறேன். நீங்க போங்க."

பஸ் ஓட்டியவருக்கு ஸ்கூட்டி ஓட்டிப் பழக்கமில்லை. எப்படியோ போய்ச் சேர்ந்தார்.

ரிஜிஸ்டர் ஆபீஸில் அஞ்சம்மாளின் பெருவிரலில் மை பூசியாகிவிட்டது. பத்திரத்தின் மேல் விரல் இறங்கவில்லை. தரகர் அவள் பக்கத்திலேயே நின்றிருந்தார்.

"அம்மா, காலையில நான் பாத்தது உங்க மண்ணை இல்ல. என் கையை" என்றார் வைத்திலிங்கம்.

மூச்சு வாங்க நடந்ததைச் சொன்னார். கூட்டத்தில் சிலர் சிரித்தார்கள். அறுபது வயசு ஆளுக்கு வந்த விளக்கெண்ணெய் வேலையைப் பார் என்றார் தரகர். அஞ்சம்மாள் சிரிக்கவில்லை.

"அப்ப என் மண்ணு நல்ல மண்ணா?"

நல்ல மண் என்று சொல்லிவிடத்தான் ஆசை. நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

"தெரியாதும்மா. சாயங்காலம் தெரியும்."

அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு பெருவிரல் மையைச் சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு, அவர் பின்னாலேயே வந்து ஸ்கூட்டியில் ஏறினாள்.

சாயங்காலம் அளவு தெரிந்தது. மண்ணில் உப்பு ஏறித்தான் இருந்தது, ஆனால் வயலைக் கைவிடும் அளவுக்கு இல்லை. ஜிப்சம் போட்டு உழுது, ஐப்பசி மழையைத் தேக்கி வடித்துவிட்டால் அடுத்த வருஷம் நெல் வரும் என்று தமயந்தி எழுதிக் கொடுத்தாள். அஞ்சம்மாள் அந்தத் தாளை நாலாக மடித்து டிபன் பாக்ஸுக்குள் வைத்து மூடினாள்.

மறுநாள் காலை வைத்திலிங்கம் வந்தபோது இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டியிருந்தார். தமயந்தி பொட்டாசியம் உப்பை எடுத்து வைத்தாள். அவர் கம்பியைச் சுத்தம் செய்தார். கண்ணில் ஒற்றவில்லை. அப்படியே தோய்த்துச் சுடரில் காட்டினார்.

கத்தரிப்பூ நிறம் ஒரு நொடி எழுந்து மறைந்தது. அவருக்குக் கண் கலங்கிவிட்டது. இன்னொரு தடவை செய்தார், மறுபடியும் அதே நிறம். பத்து நாளாக எதிரிலேயே இருந்ததை இன்றுதான் பார்க்கிறார்.

ஆனாலும் மனசுக்குள் ஏதோ குறைந்தது. கம்பியை அதன் இடத்தில் வைத்துவிட்டுத் தயங்கித் தயங்கிக் கேட்டார்:

"டீச்சர், இனிமே நான் கும்பிடவே கூடாதா?"

தமயந்தி கம்பியை எடுத்தாள். விரல் நுனியால் அதைத் தொட்டுத் தன் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பிறகு அமிலத்தில் தோய்த்துச் சுடரில் பிடித்தாள். மஞ்சள் எழுந்தது. மறுபடி தோய்த்துப் பிடித்தாள். மஞ்சள் மெலிந்தது. மூன்றாம் முறை சுடரில் நிறமே இல்லை.

கம்பியின் பிடியை அவர் பக்கம் திருப்பி நீட்டினாள்.

"கும்பிடுங்கய்யா. கும்பிட்டுட்டுக் கழுவுங்க."