பதினேழாம் ஓலை

கடலுக்குக் காது இருந்த காலத்துக் கதை இது. சத்தம் போடாமல் கேளுங்கள்.

ஆழிமதில் என்று ஓர் ஊர். கடல் மேலே, ஊர் கீழே, நடுவில் ஒரே ஒரு மதில். அந்த மதிலைக் கல் தாங்குகிறது என்று வெளியூர்க்காரர்கள் நினைத்தார்கள். தாங்கியது ஒரு சுவடி என்று உள்ளூர்க்காரர்களுக்குத் தெரியும்.

பதினெட்டு ஓலை. எழுதியவர் யாரென்று தெரியாது. ஆண்டுக்கு ஒரு நாள், உச்சிப் பொழுதில், மதில் மேல் நின்று அதை உரக்கப் படிக்க வேண்டும். ஒரு சொல் குறையாமல் படித்தால் கடல் நூறு அடி பின்வாங்கும். பிறகு மெல்ல மெல்ல ஊர்ந்து வரும். அதற்குள் அடுத்த ஆண்டு வந்துவிடும்.

பழைய சுவடிக்காரர் இறந்துபோக, அந்த எழுத்து தெரிந்தவர் ஊரில் யாரும் இல்லை. அரசர் பெருஞ்சாத்தன் எங்கெங்கோ ஆள் அனுப்பித் தேடி, வெண்ணாகன் என்பவனை அழைத்துவந்தார்.

சுவடிக்கு மாதம் ஒரு முறை எண்ணெய் பூசித் துடைத்து வைக்க வேண்டும். வந்த முதல் மழைக்காலம் வெண்ணாகன் அதைச் செய்யவில்லை. பெரிய காரணம் ஒன்றும் இல்லை. நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்றிருந்தான். அந்த நாளை வரவில்லை. கறையான் வந்தது.

படிக்கவென்று முதன்முறையாகச் சுவடிக் கட்டைப் பிரித்துப் பார்த்தபோது பதினேழாம் ஓலையில் ஒரு வரி முழுவதும் போயிருந்தது. விரலை வைத்தால் அந்தப் பக்கம் வந்தது.

சுவடிக்குக் கேடு செய்தவனைக் கடலில் தள்ள வேண்டும் என்பது அந்த ஊர்ச் சட்டம். வெண்ணாகன் வாயை மூடிக்கொண்டான். படிக்கும் நாள் வந்தது. ஓட்டை இருந்த இடத்தில் தானே ஒரு வரியைக் கட்டிச் சொன்னான்: "கடலே, மாமன்னர் பெருஞ்சாத்தனுக்கு அஞ்சி ஓடு!"

ஆண்டுதோறும் பத்தாம் ஓலைக்குள் கண்ணயர்ந்துவிடும் அரசர், தன் பெயர் காதில் விழுந்ததும் நிமிர்ந்து மீசையைத் தடவிக்கொண்டார்.

கடல் அறுபது அடிதான் போனது. அடுத்த ஆண்டு முப்பது. அதற்கடுத்த ஆண்டு பத்து.

அந்த மூன்று ஆண்டும் அவன் எப்படிப் படுத்திருப்பான் என்று நினைத்துப் பாருங்கள். தலையைத் தரையில் சாய்த்தால் கடல் கேட்கும். சோற்றை வாயில் வைத்தால் உப்புக் கரிக்கும். யாராவது "சுவடிக்காரரே" என்று கூப்பிட்டால் முதுகு சில்லிட்டுப்போகும்.

நான்காம் ஆண்டு கடல் மதிலின் தலைக்கே வந்து நின்றது. வெளிப்புறப் படிக்கட்டில் மூன்றே படி மிச்சம். ஊரே மதில் மேல் ஏறிவிட்டது.

"சுவடிக்காரரே, இந்த வருசம் கொஞ்சம் சத்தமாப் படியும். கடலுக்கு வயசாயிடுச்சு போல, காது மந்தம்" என்றான் ஒரு காவல்காரன். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். பயத்தில் வருகிற சிரிப்பு.

வெண்ணாகன் படித்தான். பதினேழாம் ஓலை வந்தது. "அஞ்சி ஓடு!" என்றான். கடல் ஒரு படி ஏறியது.

சிரிப்பு நின்றது.

"அந்த ஓலையைத் திரும்பப் படியும்" என்றார் அரசர்.

"மூவுலகும் ஆளும் மன்னர் காலில் விழு!" என்றான். கடல் இன்னொரு படி ஏறியது.

"திரும்பவும்!"

"உன்னைக் கும்பிடுகிறோம், எங்கேயாவது போய்விடு!" என்று கத்தினான். மூன்றாம் படியும் மறைந்தது. தண்ணீர் அவன் கால்விரலைத் தொட்டது.

திரும்பிப் பார்த்தான். கீழே ஊரின் கூரைகள். சொன்னால் ஓர் உயிர் போகும், சொல்லாவிட்டால் ஊர் போகும். இது தெரியாதவன் இல்லை அவன். நாக்குத்தான் எழவில்லை.

கடைசியில் அந்த ஓலையை வெயிலுக்கு நேரே தூக்கிப் பிடித்தான். ஓட்டை வழியாக ஒரு கோடு வெளிச்சம் அவன் முகத்தில் விழுந்தது. எல்லோரும் பார்த்தார்கள்.

"இது கறையான் தின்ற இடம். என் சோம்பலால் தின்றது. இங்கே என்ன எழுதியிருந்தது என்று எனக்குத் தெரியாது. நான்கு வருசமாகத் தெரியாது."

அரசரின் கை வாளுக்குப் போனது. அதற்குள் கூட்டத்திலிருந்து ஒரு குரல்: "அட, அதுதானா! அந்த வரி எனக்குத் தெரியுமே ஐயா."

உப்பளத்தில் வேலை செய்யும் முள்ளி அவள். கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"சின்ன வயசுலேருந்து வருசா வருசம் இங்க நின்னு கேட்டதுதான். கேக்க நல்லா இருந்துச்சு. பாத்தியில மடை அடைக்கிறப்ப நானும் சொல்லிக்குவேன். 'கொஞ்சம் தள்ளி நில் தாயே, பிள்ளைகள் தூங்குகிறார்கள்.' அவ்வளவுதான்."

அவ்வளவுதான். ஆயுள் முழுக்க மண்டையை உடைத்தாலும் வெண்ணாகனுக்கு வந்திருக்காத வரி.

"இதை அப்போதே சொல்லியிருக்கக் கூடாதா அம்மா?" என்றான் வெண்ணாகன்.

"நல்லா இருக்கே! படிச்சவரு நீங்க. அதுவும் மகாராசாவைப் புகழ்ற வரி. அது தப்புன்னு சொல்ல எனக்கு எத்தனை தலை இருக்கு?"

அரசர் தரையைப் பார்த்தார்.

வெண்ணாகன் முதல் ஓலையிலிருந்து தொடங்கினான். தண்ணீர் கணுக்காலுக்கு வந்தது, மதிலைத் தாண்டி ஊருக்குள் வழியத் தொடங்கியது. முழங்காலுக்கு வந்தது. சுவடியைத் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டு படித்தான். பதினேழாம் ஓலையில் அந்த வரியைச் சொன்னபோது அவன் குரல் தானாகவே தணிந்தது, தொட்டில் பக்கத்தில் பேசுகிறவன் போல.

கடல் நின்றது. ஒரு படி இறங்கியது. இரண்டு, மூன்று. அவன் கடைசி ஓலையை முடித்தபோது, பல ஆண்டுகளாக யாரும் பார்க்காத மணல் வெளியே தெரிந்தது.

யாரும் ஆரவாரம் செய்யவில்லை. நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டார்கள்.

"சட்டம் சட்டம்தான். இவனைக் கடலில் தள்ளுங்கள்" என்றார் அரசர். காவல்காரர்கள் வெண்ணாகனின் தோளைப் பிடித்தார்கள். அவன் திமிறவில்லை.

"தள்ளுங்க மகாராசா," என்றாள் முள்ளி. "ஒண்ணே ஒண்ணு மட்டும் கேட்டுக்கிறேன். இன்னைக்கு இவரைத் தள்ளிட்டா, நாளைக்கு இன்னொரு ஓலையில ஓட்டை விழுந்தா, யாரு வந்து உங்ககிட்டச் சொல்லுவா?"

அரசர் கடலைப் பார்த்தார். சுவடியைப் பார்த்தார். நனைந்த உடையோடு உட்கார்ந்திருந்த தன் மக்களைப் பார்த்தார்.

"அவனை விடுங்கள்" என்றார்.

அந்தச் சட்டமும் அன்றே போயிற்று. அதற்குப் பிறகு ஆழிமதிலில் சுவடி படிக்கும் நாளன்று, முதலில் ஒவ்வொரு ஓலையையும் ஊர் பார்க்க வெயிலுக்கு நேரே தூக்கிப் பிடிப்பார்கள். ஓட்டை தெரிந்தால், தெரிந்தவர்கள் சொல்லுங்கள் என்று கேட்பார்கள். ஒவ்வொரு முறையும் யாராவது ஒருவர் சொன்னார்.

இதனால் நாம் அறிவது: தெரியாததைத் தெரியாது என்று ஒப்புக்கொள்கிறவனுக்குத்தான் தெரிந்தவர்கள் வந்து உதவ முடியும்.