மருதன் விட்ட இடம்

கரிச்சான் குருவி மருதனுக்கு நாற்பது குரல் வரும். குயில் போலக் கூவுவான், மயில் போல அகவுவான், மழை போலக்கூடப் பெய்து காட்டுவான். அந்தக் காட்டில் எடுத்த படங்களுக்கெல்லாம் அவன்தான் இசை.

அப்போதெல்லாம் படம் என்றால் வெள்ளைப் பாறைதான். சாயங்கால வெயிலில் மிருகங்கள் நடிக்கும், நிழல் பாறையில் விழும். இயக்குநர் கரடி செங்கோடன். ஒரே கதையை மருதனிடம் ஏழு தடவை சொல்வான். நடுநடுவே தேன் நக்குவான். ஒரு மெட்டுக்காக இரண்டு பேரும் ஒரு வாரம் சண்டை போடுவார்கள். என்ன நாட்கள் அவை!

பிறகு சிலந்திகள் பொந்துக்குப் பொந்து வலை கட்டிச் சின்னத்திரையைக் கொண்டுவந்தன. நரி நல்லப்பன் தினம் ஐந்து தொடர் எடுத்தான். இசைக்கு மருதனைப் பிடித்துக்கொண்டான்.

"குரங்கு மாமியார் திரும்பினா ஒரு திடும்! மருமக முறைச்சா ரெண்டு திடும்! சத்தம் ஒரு நொடி நின்னாலும் பார்க்கிறவங்க அடுத்த வலைக்குத் தாவிடுவாங்க!"

மருதன் மூச்சு விடாமல் குரல் கொடுத்துத் தள்ளினான். பேரும் புகழும் வந்தன. கதை என்னவென்று கேட்கத்தான் நேரமில்லை.

பல வருடம் கழித்துச் செங்கோடன் வந்தான். முடியெல்லாம் நரைத்திருந்தது.

"கடைசியா ஒரு படம் எடுக்கிறேன்டா. குட்டியைப் பறிகொடுத்த மான், காலியாக் கிடக்கிற புல் படுக்கையைப் பார்க்குது. அந்த இடத்துக்கு நீதான் வேணும்."

ஒத்திகையில் மருதன் நாற்பது குரலையும் அள்ளிக் கொட்டினான். நடித்துக்கொண்டிருந்த மான் பூவாத்தாள் பாதியில் நின்றுவிட்டாள்.

"அண்ணே, நான் அழுறது எனக்கே கேக்கல!"

"என் இசையாலதான் உன் அழுகையே எடுபடுது!" என்று சிலிர்த்துக்கொண்டு மருதன் பறந்துபோனான். ஆனால் அன்று அவனுக்கு இரை இறங்கவில்லை.

படம் ஓடும் நாள் வந்தது. காடே பாறை முன்னால் கூடியிருந்தது. நரி மருதனின் கிளைக்கடியில் வந்து நின்றான்.

"இடைவெளி விட்டுடாதே! இசையமைப்பாளர் தூங்கிட்டார்னு எல்லாரும் சிரிப்பாங்க! இத்தனை வருஷப் பேரும் போயிடும்!"

அந்தக் காட்சி வந்தது. பூவாத்தாள் படுக்கையருகே குனிந்தாள். மருதன் வாயைத் திறந்தான். எத்தனையோ வருடங்களுக்குப் பிறகு அன்றுதான் அவன் கதையைப் பார்த்தான். பேர் போனால் போகட்டும் என்று வாயை மூடிக்கொண்டான்.

சருகில் மானின் குளம்பு நகர்வது கேட்டது. அவள் புல்லை முகர்ந்து மூச்சிழுப்பது கேட்டது. முதலில் யானை விசும்பியது. பிறகு காடே அழுதது. மருதனும் அழுதான்.

படம் முடிந்ததும் ஓர் அணில் ஓடிவந்தது.

"அந்த இடத்துக்கு யாருங்க இசை?"

"எங்க மருதன்தான்!" என்றான் செங்கோடன்.

"அவர் ஒண்ணுமே போடலையே!"

"நாற்பது குரலை வச்சுக்கிட்டு ஒண்ணும் போடாம இருந்து பாரு, தெரியும்!"

திறமை எவ்வளவு இருந்தாலும், அதை எங்கே அடக்கிக்கொள்ள வேண்டும் என்று அறிந்தவனே நல்ல கலைஞன்.