பாலத்தில் நின்றுபோன ராஜ்யம்

திண்டுக்கல்லில் ஒரு வாடகை வீட்டின் முன்னறையில் ஒரு கம்ப்யூட்டர் இருந்தது. அந்தக் கம்ப்யூட்டருக்குள் ஒரு ராஜ்யம் இருந்தது. மலை, காடு, ஆறு, பன்னிரண்டு ஊர்கள், ஊருக்கொரு சந்தை. அதில் நடந்து திரிய ஒரு வீரன். அவனை நடத்தியவர் அருள்தாஸ்.

அருள்தாஸ் மொட்டை மாடிகளில் டிஷ் ஆன்டெனா மாட்டுகிற வேலை பார்த்தவர். ஏழு மாதத்துக்கு முன் ஒரு மாடியின் கைப்பிடிச் சுவரிலிருந்து விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. கட்டிலை விட்டு இறங்க முடியாத நாட்களில் அவர் இந்த ராஜ்யத்தில்தான் நடந்தார். இப்போது வாக்கர் பிடித்து வீட்டுக்குள் இருபது அடி நடக்கிறார். இருபதாவது அடியில் உட்கார வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். உட்காருவது அவருக்குப் பிடிக்காது. யாராவது பார்த்துக்கொண்டிருந்தால் உட்காரவே மாட்டார்.

அந்த ராஜ்யத்தைச் செய்தவர்கள் கொடுத்தது கொஞ்சம்தான். விளையாடுகிறவர்களில் கைத்திறன் உள்ள சிலர் தங்கள் விருப்பத்துக்கு எதையாவது செய்து இணையத்தில் போட்டு வைப்பார்கள். வேண்டியவர்கள் எடுத்துத் தங்கள் விளையாட்டில் சேர்த்துக்கொள்ளலாம். அதற்கு மோட் என்று பெயர். அருள்தாஸின் ராஜ்யத்தில் அப்படி வந்து குடியேறியவர்கள் நால்வர்.

முதலில் வந்தது வண்ணம். சுவர், பாறை, பாலம் எல்லாவற்றுக்கும் புதுத் தோல் போர்த்திய பெருத்த உடம்புக்காரர். அடுத்து வந்தவள் மழை. அதுவரை அங்கே மழை என்றால் வானத்திலிருந்து விழும் சாம்பல் கோடுகள்தான். இவள் வந்த பிறகுதான் கூரை சொட்டியது, கல் நனைந்து மின்னியது. மூன்றாவது கழுதை. வீரனின் மூட்டையைச் சுமந்து பின்னாலேயே வரும். கடைசியாக வந்தவன் பெஞ்சு. சாலையோரங்களில் நாற்பத்தொரு இடத்தில் மரப் பெஞ்சாக உட்கார்ந்திருந்தான்.

இவர்களை வரிசையில் நிறுத்திக் காவல் காக்க ஒரு வாசற்காரர் இருந்தார். ஒரே பொருளை இருவர் தொட்டால், வரிசையில் பின்னால் நிற்பவர் சொன்னதுதான் செல்லும். அந்த வரிசை அவர் கையில் இருந்ததால் எல்லோரும் அவருக்குப் பயந்தார்கள்.

நினைவு என்று இன்னொருத்தியும் அங்கே இருந்தாள். அருள்தாஸ் ஒவ்வொரு முறை ஆட்டத்தை நிறுத்தும்போதும், வீரன் எங்கே நிற்கிறான், எந்தக் கதவு திறந்திருக்கிறது, எந்த மரத்தில் கழுதை கட்டியிருக்கிறது என்று எல்லாவற்றையும் அவள்தான் மனதில் வாங்கி வைப்பாள். மறுநாள் அவள் சொல்லித்தான் ராஜ்யம் விட்ட இடத்திலிருந்து எழும்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு வீரன் மழையில் நனைந்துகொண்டே ஆற்றுப் பாலத்தில் கால் வைத்தான். ராஜ்யம் அப்படியே நின்றது. அடுத்த நொடி திரை கறுத்து எல்லாம் மறைந்தது.

அருள்தாஸ் மறுபடி திறந்தார். மறுபடி பாலம். மறுபடி கறுப்பு.

வாசற்காரர் நால்வரையும் கூப்பிட்டு நிறுத்தினார்.

"பாலத்தில் கை வைத்தது யார்?"

"நான் வானத்தோடு சரி," என்றாள் மழை.

"நான் பூச்சு பூசுகிறவன். பூச்சினால் விழுந்த பாலத்தை யாராவது பார்த்ததுண்டா?" என்றார் வண்ணம்.

"நான் பின்னால் வருகிறவன். முன்னால் என்ன நடந்ததென்று எனக்கெப்படித் தெரியும்?" என்றது கழுதை.

பிறகு மூவரும் ஒரே நேரத்தில் பெஞ்சைப் பார்த்தார்கள்.

வாசற்காரர் அவன் அருகில் போனார். "உன்னைச் செய்தது யார்?"

"சொல்லக் கூடாதென்று சொல்லியிருக்கிறார்கள்."

"எந்த ஊர்?"

"இதே ஊர்தான்."

"இணையத்தில் உன்னை எத்தனை பேர் எடுத்திருக்கிறார்கள்? என்னை லட்சம் பேர்," என்று இடையில் புகுந்தார் வண்ணம்.

"என்னை யாரும் எடுக்கவில்லை. நேராக இங்கேதான் வைத்தார்கள்."

கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. "கவனித்தாயா," என்று வண்ணம் மழையின் காதில் சொன்னார், "வந்த நாளிலிருந்து சாலையோரமாகவே இருக்கிறான். ஒரு வேலையும் செய்வதில்லை. யார் போகிறார்கள், யார் வருகிறார்கள் என்று பார்த்துக்கொண்டே இருக்கிறான்."

"பாலத்துக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று," என்றாள் மழை. "எண்ணிப் பார்த்தேன்."

திரைக்கு வெளியே அருள்தாஸும் பட்டியலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். நான்கு பெயர்கள். மூன்றை அவர் சேர்த்தார். நான்காவதை அவர் சேர்க்கவில்லை. பெஞ்சுகளைச் சில வாரமாகவே பார்த்திருந்தார். விளையாட்டோடு வந்த ஏதோ புதுச் சேர்க்கை என்று நினைத்திருந்தார். பெயருக்குப் பக்கத்தில் தேதி இருந்தது. அன்று அவர் தம்பியோடு எக்ஸ்ரே எடுக்க ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார். தலைவலி என்று சொல்லி மனைவி ரோஸ்லின் வீட்டிலேயே இருந்துவிட்ட நாள் அது.

ரோஸ்லின் ஒரு மெடிக்கல் ஷாப்பில் வேலை செய்தாள். இரண்டு மணிக்குச் சாப்பாட்டுக்கு வந்தபோது அருள்தாஸ் தட்டைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"கம்ப்யூட்டர்ல எதையாச்சும் போட்டியா?"

"நானா? அதுல எனக்கென்னங்க தெரியும்."

பதிலைவிட, பதில் வருவதற்கு முன் அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுத் திரும்ப எடுத்ததுதான் அவர் மனதில் நின்றது. தேதியை அவர் சொல்லவில்லை. தெரிந்துவைத்திருப்பது நல்லது என்று தனக்குள் வைத்துக்கொண்டார். அவள் வேலைக்குப் போன பிறகு, அந்த நாளில் இணையத்தில் என்ன பார்க்கப்பட்டது என்று தேடினார். அந்த ஒரு நாள் மட்டும் துடைத்து வைத்தாற்போல் வெறுமையாக இருந்தது.

அன்று சாயங்காலம் அவர் கம்ப்யூட்டருக்குக் கடவுச்சொல் போட்டார். பதினொரு வருடக் குடும்ப வாழ்க்கையில் வீட்டில் எதற்கும் பூட்டு போட்டதில்லை.

பிறகு பெஞ்சின் பெயரை நீக்கினார்.

வாசற்காரர் பெஞ்சின் தோளைப் பிடித்து வெளியே தள்ளினார். நாற்பத்தொரு இடத்திலும் அவன் ஒரே நொடியில் இல்லாமல் போனான். வண்ணம் கை தட்டினார். நினைவு மட்டும் தடுமாறினாள்.

"வீரன் உட்கார்ந்திருக்கிறான்," என்றாள் அவள். "போன தடவை நிறுத்தியபோது, பாலத்துக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தான். எதன் மேல் உட்கார்ந்திருக்கிறான்?"

"நிற்கிறான் என்று வைத்துக்கொள்," என்றார் வாசற்காரர்.

"அப்படி வைத்துக்கொள்ள எனக்குத் தெரியாதே."

ராஜ்யம் இந்த முறை பாலம்வரைகூட வரவில்லை. வீரன் நாலு அடி எடுத்து வைப்பதற்குள் விழுந்தது.

"அவன் தனியாகச் செய்திருக்க மாட்டான்," என்றார் வாசற்காரர். "உள்ளே ஆள் இருக்கிறது."

அதன் பிறகு ஒருவர் பக்கத்தில் ஒருவர் நிற்கவே யோசித்தார்கள். கழுதை ஒருநாள் பெஞ்சுக்குப் பக்கத்தில் படுத்து உறங்கியதை மழை சொன்னாள். கழுதை போனது. மழை மட்டும் ஏன் இவ்வளவு கவனித்தாள் என்று வண்ணம் கேட்டார். மழை போனாள். கடைசியில் தனியாக நின்ற வண்ணத்தை வாசற்காரர் நெடுநேரம் பார்த்தார்.

"ஐயா, லட்சம் பேர் என்னை..."

"லட்சம் பேர் ஏமாறியிருக்கலாம்."

வண்ணம்வரை ஒவ்வொரு பெயரையும் அருள்தாஸ் நீக்கியபோதெல்லாம் ராஜ்யம் சில நொடிகள் எழுந்தது, அந்தச் சில நொடிகளைத் தானாகவே பதிந்துகொண்டது, விழுந்தது. நினைவின் உடம்பில் ஓட்டை மேல் ஓட்டை விழுந்தது.

"கயிறு இருக்கிறது," என்று அவள் புலம்பினாள். "மரத்தில் கட்டியிருக்கிறது. மறுமுனையில் யாருமில்லை. வீரன் நனைந்திருக்கிறான், வானம் காய்ந்திருக்கிறது. நான் சொல்கிற எதுவும் எனக்கே பொருந்தவில்லை. விசாரணைக்கு முன் என்னை ஒரு வார்த்தை கேட்டீர்களா?"

"உன்னைக் காப்பாற்றத்தானே இவ்வளவும் செய்கிறேன்," என்றார் வாசற்காரர்.

வியாழக்கிழமை அவள் பேச்சு நின்றது. 'இந்தப் பதிவைத் திறக்க முடியவில்லை' என்று திரையில் ஒரு வரி மட்டும் வந்தது.

அருள்தாஸ் அந்த வரியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். ஏழு மாதம். வடக்கு மலை உச்சிவரை அவர் ஏறியது போன வாரம்தான். சாப்பாட்டுக்கு வந்த ரோஸ்லின் அவர் முகத்தைப் பார்த்துவிட்டுத் திரையைப் பார்த்தாள்.

"போச்சாங்க?"

"நீ செஞ்ச வேலைக்கு வேற எப்படி ஆகும்?"

"நான் என்ன செஞ்சேன்?"

"நான் எக்ஸ்ரேக்குப் போன அன்னைக்கி யாரு இதுல ஒக்காந்தது? தலைவலின்ன. யாருக்கும் தெரியக் கூடாதுன்னு பார்த்ததெல்லாம் அழிச்சும் வச்சிருக்க. எனக்குத் தெரியாம இந்த வீட்டுல என்ன நடக்குது, ரோஸ்லின்?"

அவள் வாக்கரைக் கொஞ்சம் நகர்த்திவிட்டுக் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தாள்.

"பெஞ்சு போட்டேன்," என்றாள்.

"என்னது?"

"கடையில சாப்பாட்டு நேரத்துல போன்ல பார்த்துப் பார்த்துக் கத்துக்கிட்டேன். கத்துக்கவே பதினஞ்சு நாள் ஆச்சு. உங்க ஆளு அந்த நாட்டுல நாள் பூரா நடந்துக்கிட்டே இருக்கான், எங்கேயும் ஒக்கார மாட்டேங்குறான். நீங்களும் அப்படித்தான். இருபதடி நடந்துட்டு ஒக்காருங்கன்னா, என்னைப் பார்த்துட்டுப் பல்லைக் கடிச்சிக்கிட்டு நிக்கிறீங்க. அவன் ஒக்கார்றதைப் பார்த்தா உங்களுக்குப் பழகிரும்னு நெனச்சேன். நான் செஞ்சேன்னு தெரிஞ்சா எடுத்துப் போட்ருவீங்க. அதான் சொல்லல."

 வீரனைப் பெஞ்சுகளில் அருள்தாஸ் உட்கார வைத்திருந்தார். பல தடவை. அவன் உட்கார்ந்திருக்கும்போது ஆற்றைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்ததும் உண்டு.

"அந்தப் பெஞ்சுனாலதான் விழுதா?" என்று அவள் கேட்டாள். "விழுந்தா ஏன்னு எழுதி வைக்கிற ஃபைல் ஒண்ணு இருக்குமே, அதைப் பார்த்தீங்களா?"

அவர் பார்க்கவில்லை.

ஒரு மூலை ஃபோல்டருக்குள் எழுத்தர் உட்கார்ந்திருந்தார். ராஜ்யம் விழும்போதெல்லாம் விழுந்த காரணத்தை எழுதி வைப்பது மட்டும்தான் அவர் வேலை. கதவு திறந்ததும் அவர் எழுந்து நின்றார்.

"பதினேழு தடவை எழுதினேன்," என்றார். "ஒருவரும் வரவில்லை."

அவர் காட்டிய பக்கத்தில் முதல் வரி இப்படி இருந்தது: திங்கட்கிழமை காலை, வரிசை மாற்றப்பட்டது, பெயர்கள் அகர வரிசையில் அடுக்கப்பட்டன. அதற்கு முன் வண்ணம் முன்னாலும் மழை பின்னாலும் நின்றார்கள். வண்ணம் பாலத்துக்குத் தோல் போர்த்துவார், அந்தத் தோலை மழை நனைப்பாள். அடுக்கிய பிறகு மழை முன்னால் போனாள், வண்ணம் பின்னால் வந்தார். அவள் நனைத்த கல்லை அவர் மூடிவிட்டார். மழை பெய்த நேரத்தில் வீரன் பாலத்தில் கால் வைத்தபோது, அவள் தன் கல்லைத் தேடினாள், காணவில்லை. அவ்வளவுதான். குற்றவாளி என்று ஒருவரும் இல்லை.

"வரிசையை மாற்றியது யார்?" என்று எழுத்தர் வாசற்காரரைக் கேட்டார்.

வாசற்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "மாற்றச் சொன்னார்கள், மாற்றினேன்," என்றார்.

சொன்னவர் அருள்தாஸ்தான். திங்கட்கிழமை பட்டியல் தாறுமாறாக இருப்பதாகத் தோன்றி, 'அடுக்கு' என்றிருந்த பொத்தானை அழுத்தியிருந்தார்.

"நான்தான் ரோசு," என்றார்.

"சரி, விடுங்க."

பத்தொன்பது நாளுக்கு முன் அவர் தனியாகப் பெயர் கொடுத்து எடுத்து வைத்த பழைய பதிவு ஒன்று இருந்தது. இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து வரிசையைப் பழையபடி மாற்றினார்கள். நீக்கிய பெயர்களை ஒவ்வொன்றாகச் சேர்த்தார்கள். ராஜ்யம் எழுந்தது. வடக்கு மலை ஏறாத மலையாகத் திரும்ப வந்தது. வீரன் மழையில் பாலத்தைக் கடந்து அந்தப் பக்கம் போனான்.

திரும்பி வந்த நினைவு எல்லோரையும் பார்த்துச் சிரித்தாள். அந்தப் பத்தொன்பது நாளில் நடந்தது எதுவும் அவளுக்குத் தெரியாது. "ஏன் எல்லோரும் இப்படித் தள்ளித் தள்ளி நிற்கிறீர்கள்?" என்று கேட்டாள்.

 மழை வானத்தைப் பார்த்தாள். கழுதை பெஞ்சைத் தாண்டிப் போய் வேறொரு மரத்தடியில் படுத்தது.

அருள்தாஸ் அன்றே கடவுச்சொல்லை எடுத்துவிட்டார். ரோஸ்லினிடம் மன்னிப்பும் கேட்டார். அவளும் மனதில் வைத்துக்கொள்ளவில்லை என்றாள். அவள் பார்க்கும்போதே இருபது அடி நடந்து நாற்காலியில் உட்காரவும் ஆரம்பித்தார்.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோவிலிலிருந்து வந்ததும் ரோஸ்லின் வழக்கம்போல் முன்னறையைத் துடைக்கத் தொடங்கினாள். ஜன்னல் கம்பி, அலமாரி, கட்டில் சட்டம் என்று வரிசையாகத் துடைத்துக்கொண்டு கம்ப்யூட்டர் மேஜை பக்கம் வந்தவள், ஈரத்துணியோடு ஒரு அடி தள்ளி நின்றாள்.

"ஏங்க," என்றாள். "இதைத் தொடலாமா?"