பல்லி பாதியில் விட்ட சேதி

அந்தக் காலத்தில் பல்லிக்குப் பேச்சு இருந்தது. சுவர்களுக்கு இன்னொரு பக்கமும் இருந்தது. வாசல் வழியாகச் சுற்றிப்போய்ப் பார்த்தால் கோழிக்கூடுதான் தெரியும். சுவருக்குள் புகுந்து போனால் வேறொரு வீடு. அதே அடுப்பு, அதே ஆட்கள். ஆனால் இங்கே நாளை நடக்கப்போவது அங்கே இன்றே நடந்து முடிந்திருக்கும்.

போய்வரப் பல்லிகளால் மட்டும்தான் முடியும். மழை வரும், பால் திரியும், விருந்தாள் வருவார் என்று சின்னச் சேதிகள் சொல்லும். சாவை மட்டும் சொல்வதில்லை என்று தங்களுக்குள் ஒரு கட்டுப்பாடு வைத்திருந்தன. சேதி தெரிந்தவர்கள் சாவைத் தடுத்துவிடுவார்கள். அங்கே நடந்தது இங்கே நடக்காமல் போனால் இரண்டு வீடும் ஒட்டாமல் விலகும். நடுவில் சுவர் வெடிக்கும்.

சடச்சியின் வீட்டுப் பல்லி அந்தக் கட்டுப்பாட்டை மீறியது. வெள்ளையடிக்கும்போது மாடக்குழியில் அதன் முட்டைகளைப் பார்த்துவிட்டு, அந்த இடத்தை மட்டும் பூசாமல் விட்டவள் அவள்.

“தங்கச்சி, நாளைக்கு உன் புருசனைக் கிணத்துக்குள்ள இறங்க விடாத. அங்க மண்ணு சரிஞ்சு மூடிட்டு. தோண்டி எடுக்கதுக்குள்ள எல்லாம் முடிஞ்சுபோச்சு.”

கொம்பையா கிணறு வெட்டுகிறவன். மறுநாள் விடிந்ததும் அவனுடைய கடப்பாரையை வைக்கோல் போருக்குள் செருகிவிட்டாள் சடச்சி.

“ஏட்டி, கடப்பாரைக்குக் கால் மொளச்சுட்டா?” என்று அவளிடமே கேட்டான் அவன். தேடி முடிப்பதற்குள் கிணறு சரிந்த சத்தம் கேட்டது. உள்ளே ஆளில்லை.

சுவரில் மயிரிழைக் கீறல் விழுந்தது. சடச்சி அதைக் கவனிக்கவில்லை. நேராகப் பல்லியிடம் போனாள்.

“பல்லியக்கா, நாளைக்கு அவருக்கு என்ன?”

“தெரியாது.”

“அங்க போய்ப் பாத்துட்டு வாயேன்.”

“அங்கதான் அவர் இல்லையே தங்கச்சி. இல்லாத ஆளுக்கு நாளைக்கு என்னன்னு எங்க போய்ப் பாக்க?”

ஊரில் எல்லோருக்கும் முன்னால், சுவருக்கு அந்தப் பக்கம், ஒருவர் நடந்து பார்த்துக்கொண்டிருந்தார். கொம்பையாவுக்கு முன்னால் மட்டும் யாருமில்லை.

சடச்சி அவனை வெளியே விடவில்லை. “என்னட்டி, அடைகாக்கியா? பொரிச்சு வெளிய வர எத்தனை நாளாகும்?” என்று சிரித்தான். அவன் உயிரோடிருந்த ஒவ்வொரு நாளும் கீறல் அகன்றது. தரையோரம் கை நுழையும் அளவுக்கு ஓட்டை விழுந்தது. அதை அடைக்க மண்ணையும் சுண்ணாம்பையும் குழைத்து வைத்தாள்.

எட்டாம் நாள் நண்பகலில் கொம்பையா பாயில் தூங்கிக்கொண்டிருந்தான். ஓட்டைக்குள்ளிருந்து ஒரு கை வந்தது. வளையல் இல்லாத கை. மணிக்கட்டில் சூட்டுத் தழும்பு. சடச்சி தன் மணிக்கட்டைப் பார்த்தாள். அதே இடத்தில் அதே தழும்பு.

“குறட்டை கேக்குதே,” என்றது சுவருக்குள் அவளுடைய குரல். “அவருதானே?”

கை தரையைத் துழாவியது. பாயின் ஓரம் அகப்பட்டது. பிடித்து மெல்ல இழுத்தது.

சடச்சி குழைத்த மண்ணை வாரி அந்தக் கையின்மேல் அடித்தாள். அது உள்வாங்கியது. அள்ளி அள்ளி அப்பினாள். கடைசித் துளை மூடுமுன் பல்லியின் தலை வெளியே வந்தது.

“அடைக்காத தங்கச்சி! அவ பறிக்க வரல. அவ வீட்டுல இன்னைக்கு நடந்த ஒண்ணைச் சொல்லத்தான் வந்தா. நாளைக்கு உன் வீட்டுல அவரு...”

அவள் கை நிற்கவில்லை. சுண்ணாம்பு மண் பல்லியின் வாயை நிறைத்தது. அது வாலைச் சுவருக்குள்ளேயே விட்டுவிட்டு உத்தரத்துக்கு ஓடியது. தொண்டை வெந்துபோயிருந்தது.

“என்னக்கா சொன்னா? அவருக்கு என்ன?”

“ச்ச்... ச்ச்... ச்ச்...”

விடிந்தது. கொம்பையா துண்டை உதறித் தோளில் போட்டான். “நான் வெளிய போகவா, வீட்டுல கெடக்கவா? ஏதாவது ஒண்ணு சொல்லுட்டி.”

உத்தரத்தில் பல்லி சொன்னது. போ என்கிறதா, போகாதே என்கிறதா? சடச்சி அண்ணாந்து பார்த்தாள். பிறகு, காதில் விழுந்தது என்பதற்காக, விரலால் தரையை மூன்று முறை தட்டினாள். கொம்பையா ஒரு காலை வாசலுக்கு வெளியே வைத்தபடி நின்றிருந்தான்.

அன்று முதல்தான் பல்லி சொன்னால் கிளம்பியவர்கள் வாசலில் நின்றுவிடுகிறார்கள், இருப்பவர்கள் தரையைத் தட்டுகிறார்கள். கேட்டது என்று மட்டும்தான் சொல்ல முடிகிறது.