கீறாமல் விட்ட காய்கள்

வயதில் மூத்தவரைச் சீடராகச் சேர்த்துக்கொண்ட குருவுக்கு நிம்மதி ஏது? தெய்வானையம்மாள் தெரிந்தேதான் சேர்த்துக்கொண்டார்.

மலையடிவாரத்தில் இருந்த ஒரு வைத்திய மடத்துக்கு அவர் தலைவி. நாற்பது வயதுகூட ஆகவில்லை. சீடர் நாச்சிமுத்து ஐம்பதைத் தாண்டியவர். பண்ணையத்தை விட்டு, மனைவியை விட்டு, கோயில் கோயிலாகச் சுற்றி, கடைசியில் மடத்து வாசலில் வந்து நின்றவர். அவர் குருவை "அம்மா" என்பார். குரு அவரை "அண்ணா" என்பார். மடத்துக்குப் புதிதாக வருகிறவர்கள் இதைக் கேட்டுக் கொஞ்சம் குழம்புவார்கள். பிறகு பழகிவிடும்.

வந்த அன்றே நாச்சிமுத்து தன் கதையைச் சொல்லிவிட்டார். நீளமான கதை இல்லை. நடவு நாளில் அழுத கைக்குழந்தைக்கு அவர் மனைவி மாராயி அபினைத் தொட்டு நாக்கில் வைத்தாள். குழந்தை தூங்கியது. பிறகு எழுந்திருக்கவே இல்லை. குழந்தையைப் புதைத்த மறுநாள் அவர் வீட்டை விட்டுக் கிளம்பினார். அதற்கப்புறம் மாராயியின் முகத்தில் விழிக்கவில்லை.

அம்மாள் கேட்டுக்கொண்டார். அடுத்த நாள் காலையில் அவரைக் கூட்டிக்கொண்டு போய் மடத்தின் பின்னால் இருந்த கசகசாத் தோட்டத்தைக் காட்டினார்.

"இனிமே இது உங்க பொறுப்புங்கண்ணா."

"அம்மா, இதுல இருந்துதானுங்களே அபின் எடுக்கறாங்க?"

"ஆமாங்க."

வேண்டுமென்றே செய்கிறாரா, கேட்ட கதையை மறந்துவிட்டாரா என்று நாச்சிமுத்துவுக்குப் பிடிபடவில்லை. ஆனாலும் மண்வெட்டியை எடுத்தார்.

கசகசாச் செடி இடுப்பு உயரம் வளரும். வெள்ளையாகப் பூக்கும். இதழ் உதிர்ந்ததும் காய் பச்சையாக நிற்கும். அந்தப் பருவத்தில் சாயங்காலம் காயின் மேல்தோலை லேசாகக் கீறிவிட வேண்டும். காலையில் பார்த்தால் கசிந்த பால் பழுப்பாக இறுகியிருக்கும். அதை வழித்துக் காயவைத்தால் அபின். கீறாமல் விட்டால் காய் செடியிலேயே முற்றிக் காய்ந்துவிடும். அப்புறம் தலைகீழாக நின்றாலும் பால் கிடைக்காது. உள்ளே விதை மட்டும் இருக்கும். அந்த விதையைத்தான் நாம் குருமாவுக்கு அரைக்கிறோம்.

மடத்தில் அபினுக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. வலி தாங்காதவர்களுக்கு மட்டும்தான் கொடுப்பார்கள். வீட்டுக்குக் கொடுத்தனுப்ப மாட்டார்கள். கொடுத்தவர் வாங்கியவரின் பக்கத்திலேயே உட்கார வேண்டும். வாங்கியவர் கண் விழித்துத் தண்ணீர் கேட்கிற வரை எழுந்திருக்கக் கூடாது. சாப்பாட்டு வேளை வந்தாலும் சரி, ஊர்ப் பெரியதனக்காரரே வந்து கூப்பிட்டாலும் சரி.

மாசி மாதம் காய் பிடித்தது. எப்போது கீறலாம் என்று அம்மாள் கேட்டார்.

"இன்னும் பிஞ்சுங்க."

கொஞ்ச நாள் கழித்து மறுபடி கேட்டார்.

"பனி ஜாஸ்திங்க. பால் எறங்காது."

பொய் சொல்லும்போது நாச்சிமுத்து காதைச் சொறிவார். அம்மாளுக்கு அது தெரியும். மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை.

பங்குனி பிறந்தபோது நாச்சிமுத்து ஒரு கூடை காயைக் கொண்டுவந்து அம்மாள் முன்னால் வைத்தார். அம்மாள் ஒன்றை எடுத்துக் காதருகே ஆட்டிப் பார்த்தார். உள்ளே விதை கலகலவென்றது.

"எல்லாமே இப்படித்தானா?"

"எல்லாமேங்க."

"மறந்துட்டீங்களா?"

"இல்லீங்க."

"செரி. தேங்காய் ஒண்ணு உரிங்க. பாயசம் வெக்கலாம்."

திட்டு வாங்கத் தயாராக வந்த மனிதருக்குத் தேங்காய் உரிக்கிற வேலை கிடைத்தது. கசகசாவையும் தேங்காயையும் மைய அரைத்து, வெல்லம் போட்டு, அம்மாளே பாயசம் வைத்தார். நாச்சிமுத்து இரண்டு தம்ளர் குடித்தார். இனிப்பு என்றால் அவருக்கு உயிர்.

"குடிக்க முடியுதுங்களே" என்றார் அம்மாள்.

"இது வெதைங்க. இது என்ன பண்ணுச்சு பாவம்?"

"செடி அதேதானுங்களே."

நாச்சிமுத்து தம்ளரைக் கீழே வைத்தார். "அம்மா, இந்தச் செடி உலகத்துல எதுக்குங்க இருக்கோணும்? எத்தனை குடியைக் கெடுத்திருக்கும்?"

அம்மாள் வாசலில் உட்கார்ந்துகொண்டு ஒரு கதை சொன்னார்.

"இந்தச் செடிகிட்ட மொதல்ல வந்தது ஒரு சமையல்காரி. கொழம்பு கெட்டியா வரோணும்னு கேட்டா. செடி வெதையைக் குடுத்துச்சு. அப்புறம் ஒரு வைத்தியன் வந்தான். ஒருத்தன் வலியில துடிக்கறான், அவனுக்குக் கொஞ்சம் தூக்கம் வேணும்னான். பாலைக் குடுத்துச்சு. பின்னாடியே ஒரு ராசா வந்தான். என் படையாளுங்க சாவுக்குப் பயப்படக் கூடாதுன்னான். அதே பாலைக் குடுத்துச்சு. இன்னொரு ராசா, அண்ணன் தம்பி பசங்களைக் கோட்டையில அடைச்சு வெச்சிருந்தான். கொல்லவும் மனசில்லை, விடவும் மனசில்லை. காய்த்தோலை ஊறப்போட்ட தண்ணியைத் தெனமும் காலைல குடிக்க வெச்சான். பசங்க கொஞ்சங் கொஞ்சமா மங்கிப் போனாங்க. அப்புறம் ஒரு யாவாரி கப்பலோட வந்தான். ஒரு தடவை வாங்குனவன் மறுபடி மறுபடி வரோணும்னான். அதுக்கும் குடுத்துச்சு. ஊர் ஊரா சனம் கவுந்து படுத்துக்கிச்சு."

"யாருக்கும் இல்லேன்னு சொல்லலீங்களா?"

"செடிக்கு ஏதுங்க வாயி?"

நாச்சிமுத்து யோசித்தார். "அவ்வளவுதானுங்களா?"

"கடைசியா ஒரு பொம்பளை வந்தா. நாத்து நடறவ. கால்ல சேறு. அவ ஒண்ணும் பெருசா கேக்கலை. ஒரு மத்தியானம் மட்டும் கேட்டா."

நாச்சிமுத்து எழுந்து போய்விட்டார். மூன்றாவது தம்ளர் அப்படியே இருந்தது. அவருக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. குருவிடம் செடியைப் பற்றிக் கேட்டால் குரு மாராயியைப் பற்றி ஏன் பேசுகிறார்?

அந்த மாதமே கல் உடைக்கிற சின்னான் என்பவனைக் கட்டிலில் வைத்துத் தூக்கி வந்தார்கள். பாறை உருண்டு கால் நசுங்கியிருந்தது. போன வருஷத்து அபினில் ஒரு சுண்டைக்காய் அளவுதான் மிச்சம். அது தீர்ந்தபின் வலி மட்டும் இருந்தது. அம்மாள் நாச்சிமுத்துவை அவன் பக்கத்தில் உட்கார வைத்தார். "மொதல்ல குடுத்தீங்களே, அதைக் குடுங்க சாமி" என்று சின்னான் அவர் கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினான். காயவிட்டது நான்தான் என்று சொல்ல நாச்சிமுத்துவுக்கு நாக்கு எழவில்லை. கட்டுப் போட்டுக் கால் ஆறியது. ஆனால் அவன் கெஞ்சிய குரல் அவர் காதை விட்டுப் போகவில்லை.

சித்திரையில் ஆற்றுப் பாசனத்து வயல்களில் நடவு தொடங்க இருந்தது. அதற்கு முந்தின நாள் காலையில் ராமாயி என்ற கூலிக்காரப் பெண் இடுப்பில் குழந்தையோடு மடத்துக்கு வந்தாள். நாச்சிமுத்து வாசல் கூட்டிக்கொண்டிருந்தார்.

"ஏனுங்க சாமி, கொழந்தைக்குக் கொஞ்சம் அபின் வேணுங்க. நாளைக்கு நடவு."

அவருக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

"ஒரு பொட்டு கெடையாது. இந்த வருசம் ஒரு காயைக்கூட நான் கீறலை. போ."

"அப்ப சந்தையிலதான் வாங்கோணும்" என்று சொல்லிவிட்டு அவள் நடந்தாள். அவள் குரலில் கோபமும் இல்லை, வருத்தமும் இல்லை.

நாச்சிமுத்து இதை அம்மாளிடம் பெருமையாகச் சொன்னார்.

"நல்லதுங்கண்ணா. காய் கீறியிருந்தாலும் நாம குடுத்திருக்க மாட்டோம். இல்லேன்னு சொன்னீங்க. அப்புறம் என்ன சொன்னீங்க?"

"அப்புறம் என்னங்க இருக்குது சொல்றதுக்கு?"

"அவ கேட்டது அபின்தானுங்களா?"

நாச்சிமுத்து மறுபடி வாசல் கூட்டப் போனார்.

மறுநாள் விடிந்ததும் அம்மாள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கிளம்பினார். "வாங்கண்ணா, நடவுக்குப் போலாம்."

வயலில் பெண்கள் வரிசையாகக் குனிந்திருந்தார்கள். வரப்போரத்துப் புங்க மரத்தில் மூன்று தூளிகள் தொங்கின. கீழே விரித்த சாக்கில் இன்னும் இரண்டு குழந்தைகள் கிடந்தன. ராமாயியின் முந்தானையில் சிறியதாக ஒரு முடிச்சு இருந்தது. சந்தைக்குப் போய்விட்டுத்தான் வந்திருக்கிறாள்.

"அந்த முடிச்சு அப்படியே இருக்கட்டும் ராமாயி. அண்ணன் பாத்துக்குவாரு" என்றார் அம்மாள். சொல்லிவிட்டு வயலில் இறங்கிப் பெண்களோடு நாற்று நட ஆரம்பித்தார். அவர் நட்ட வரிசை கோணல்மாணலாகப் போனது. பெண்கள் முதலில் அடக்கிக்கொண்டு சிரித்தார்கள், பிறகு அடக்காமலே சிரித்தார்கள்.

நாச்சிமுத்து மரத்தடியில் தனியாக நின்றார்.

முதலில் ஒன்று அழுதது. அதை எடுத்து ஆட்டினார். அது நிற்பதற்குள் இன்னொன்று. அதைத் தோளில் போட்டுக்கொண்டு தூளியைக் காலால் தள்ளினார். ராமாயியின் குழந்தை அவர் மடியை நனைத்தது. பால் கொடுக்க ஒருத்தி வரப்பேறியபோது, "இப்பத்தானே குடுத்த" என்று மேஸ்திரி சத்தம் போட்டான். அவள் பாதியில் குழந்தையைப் பிடுங்கி நாச்சிமுத்து கையில் கொடுத்துவிட்டு ஓடினாள். அது வீரிட்டது. உச்சி வெயில் ஏறியபோது ஐந்தும் சேர்ந்து கத்தின. பாடிப் பார்த்தார். அவர் பாட்டைக் கேட்டு அழுகை கூடியது. ஒரு நேரம் அவருக்கே அழுகை வந்துவிட்டது. ராமாயியின் முந்தானை முடிச்சு அவர் நினைவுக்கு வந்தது. அப்படி நினைத்துவிட்டோமே என்று தோளில் கிடந்த குழந்தையை இறுக்கி அணைத்துக்கொண்டார்.

சாயங்காலம் பெண்கள் கைகால் கழுவிக்கொண்டு வந்து அவரவர் குழந்தையை வாங்கிக்கொண்டார்கள். ராமாயி தன் குழந்தையின் கன்னத்தைக் கிள்ளி அது சிணுங்குவதைப் பார்த்துக்கொண்டாள். முடிச்சை அவள் அவிழ்த்து எறியவில்லை. நாளைக்கும் யாராவது வருவார்கள் என்று அவளுக்கு என்ன நிச்சயம்?

இருவரும் மடத்துக்குத் திரும்பி நடந்தார்கள்.

"அம்மா."

"சொல்லுங்கண்ணா."

"அன்னிக்கு நான் பக்கத்து வயல்லதானுங்க தண்ணி கட்டிட்டிருந்தேன். கொழந்தை கத்துனது கேட்டுச்சுங்க. ரொம்ப நேரம் கத்துச்சு. அப்புறம் நின்னுபோச்சு."

அம்மாள் நடந்துகொண்டே இருந்தார்.

"நின்னதும் அப்பாடான்னு இருந்துச்சுங்க எனக்கு."

இதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார்.  அவர் அழுது முடிக்கிற வரை அம்மாள் மெதுவாகக் கூட நடந்தார்.

"மாராயி இப்ப என்ன பண்றாங்க?"

நாச்சிமுத்து மூக்கை உறிஞ்சினார். "போன வருசம் எங்க ஊர்க்காரர் ஒருத்தர் மூட்டுவலின்னு வந்தாருங்க. அவரு சொன்னாரு. இப்பெல்லாம் அவ நடவுக்கு எறங்கறதில்லையாம். நடவு நாள்ல வரப்புல உக்காந்துக்கறாளாம். மொதல்ல யாரும் நம்பிக் குடுக்கலையாம். இப்ப ஊர்ப் புள்ளைங்க எல்லாம் அவ மடியிலதானாம். கூலிகூட வாங்கறதில்லையாம்."

"ம்."

"எந்தக் கையால அதுகளைத் தொடறான்னு எனக்கு அப்ப அப்படிக் கோபம் வந்துச்சுங்க."

அம்மாள் நின்றார். திரும்பி அவரைப் பார்த்தார்.

"ஒத்தையிலயா உக்காந்திருக்காங்க?"