குழிக்குள் ஒரு குளம்

ஈருச்சி வனத்துக்கு இரண்டு சூரியன்கள். காலையில் ஆளுக்கொரு திசையில் கிளம்பும். நடுப்பகலில் இரண்டும் தலைக்கு மேல் வந்து சேர்ந்துகொள்ளும். அந்த நேரத்துக்கு 'இரட்டை உச்சி' என்று பெயர். அப்போது வெயிலில் அகப்பட்டுக்கொண்ட குஞ்சு குளுவான் எதுவும் பிழைக்காது!

அந்த வனத்தில் எல்லோரும் நீர்நிழல் மடத்தில் பாடம் கேட்டவர்கள். மடத்தைத் தொடங்கியவர் நெடுங்காலார் என்ற நாரை. ஒரு நாள் அவர் குளத்தில் மீனுக்குக் காத்து நின்றபோது, பின்னாலிருந்து பாய்ந்த பருந்தின் நிழல் தண்ணீரில் தெரிந்தது. சட்டென்று விலகி உயிர் தப்பினார். அன்றைக்கே முடிவு கட்டிவிட்டார்.

"கண் ஏமாற்றும், காது ஏமாற்றும், தண்ணீர் ஏமாற்றாது! நீரில் தெரிவது உண்டு. நீரில் தெரியாதது இல்லை!"

அதற்குப் பிறகு அந்த வனத்தில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதே இல்லை. வணக்கம் சொல்வதென்றாலும் கரையில் குனிந்து நிழலுக்குத்தான் சொல்வார்கள். யானைக்கும் குரங்குக்கும் ஒரு தடவை சண்டை மூண்டது. இரண்டும் கரைக்கு வந்து, எதிராளியின் நிழலைப் பார்த்துக் கண்டபடி திட்டின. ஒரு மீன் துள்ளியது. நிழல்கள் கலைந்தன. "சண்டை தீர்ந்தது!" என்று இரண்டும் வீட்டுக்குப் போய்விட்டன. இந்த மட்டில் நல்ல மடம்தான், குறை சொல்ல முடியாது!

மடத்திலேயே பக்தி மிகுந்தவள் சிறகி என்ற வாத்து. அவளுக்கு ஒரே குஞ்சு, பெயர் பொட்டு. வாலாட்டத் தெரியும், வாய் ஓயாது, இன்னும் பறக்கத் தெரியாது.

அன்று காலை பொட்டு, "அம்மா, இங்கே பாரேன்! வண்ணத்துப்பூச்சி!" என்று கூப்பிட்டான். சிறகி திரும்பவில்லை. வழக்கம்போலத் தண்ணீரைப் பார்த்தாள். அதில் பூச்சியும் இல்லை, பொட்டுவும் இல்லை. அவன் பூச்சிக்குப் பின்னாலேயே மேட்டுப் பக்கம் ஓடிக்கொண்டிருந்தான். மேட்டின் நிழல் குளத்தில் விழாது.

கொஞ்ச நேரத்தில் ஒரு சத்தம். "அம்மா! விழுந்துட்டேன்!"

சிறகி குரல் வந்த பக்கம் ஓடினாள். முள்ளம்பன்றி எப்போதோ விட்டுப்போன குழி. குறுகலானது, ஆழமானது, பக்கமெல்லாம் வழுவழுவென்று களிமண். சிறகியின் கழுத்து நுழைந்தது, உடம்பு நுழையவில்லை. அலகு எட்டவில்லை. மேலே பார்த்தாள். இரண்டு சூரியன்களும் நெருங்கிக்கொண்டிருந்தன.

அடித்துப் பிடித்துக் குளத்துக்கு ஓடி வந்தாள். "ஐயா! பொட்டு குழியில விழுந்துட்டான்! எல்லாரும் வாங்க!"

யானை தூண்காலன் எழுந்தான். "இரு, தூண்காலா!" என்றார் நெடுங்காலார். தண்ணீரை உற்றுப் பார்த்தார். "நீரில் குழி தெரியவில்லை. குஞ்சும் தெரியவில்லை. ஆகவே இல்லை!"

"அவன் கத்துறது கேக்கலையா ஐயா?"

"காது ஏமாற்றும் அம்மா! காற்று அடிக்கிறது. அலை அடங்கட்டும், இன்னொரு முறை பார்க்கலாம்."

மேட்டிலிருந்து மறுபடி குரல் வந்தது. இந்த முறை சன்னமாக வந்தது. எல்லோருக்கும் கேட்டது. எல்லோரும் இன்னும் குனிந்துகொண்டார்கள்.

சிறகிக்கு ஆத்திரம் பொங்கியது. நாரையின் அந்த நீண்ட அலகிலேயே ஒரு கொத்து கொத்தலாமா என்று இருந்தது. கொத்தினால் யார் வருவார்கள்? தனியாக அவளால் என்ன ஆகும்? அழுகையை விழுங்கிக்கொண்டாள். அப்போதுதான் அவளுக்கு அந்த யோசனை வந்தது.

"ஐயா, இந்தக் குளத்துத் தண்ணி பொய் சொல்லாது, இல்லையா?"

"சொல்லவே சொல்லாது!"

"வேற இடத்துக்குக் கொண்டுபோனா?"

"எங்கே கொண்டுபோனாலும் தண்ணீர் தண்ணீர்தான்!"

"அப்படின்னா கொஞ்சம் கொண்டுபோய்க் குழியில ஊத்திப் பாத்துடுவோம். பொட்டு அதுல தெரியலைன்னா நான் வாயைத் திறக்கலை!"

நெடுங்காலார் யோசித்தார். "இது நியாயம்தான். ஊற்றுங்கள்!"

தூண்காலன் தும்பிக்கை நிறைய உறிஞ்சிக்கொண்டு ஓடினான். குரங்கு சுரைக்குடுக்கையில் மொண்டது. ஊற்றினார்கள். நெடுங்காலார் எட்டிப் பார்த்தார். "ஒரே இருட்டு. தெரியவில்லை!"

"போதலை ஐயா, ஊத்துங்க! கண்ணு, காலை அடிச்சுக்கிட்டே இருடா! அம்மா இங்கேதான் இருக்கேன்!"

ஊற்றினார்கள், ஓடினார்கள், மறுபடி ஊற்றினார்கள். களிமண் ஒரு சொட்டுக்கூடக் குடிக்கவில்லை. தண்ணீர் ஏற ஏற, ஏதோ மஞ்சளாக மேலே வந்தது. நனைந்த பஞ்சுருண்டை மாதிரி பொட்டு மிதந்து வந்தான்! பக்கத்திலேயே தண்ணீரில் அவன் நிழலும் ஆடியது.

"உண்டு! உண்டு! பொட்டு உண்டு!" என்று கூவினார் நெடுங்காலார்.

"நான் காலையிலேர்ந்தே உண்டு தாத்தா!" என்றான் பொட்டு.

சிறகி குஞ்சைக் கவ்வி இறக்கைக்குள் இழுத்துக்கொண்டாள். மேலே இரட்டை உச்சி வந்து நின்றது. அவள் தண்ணீரைப் பார்க்கவில்லை. நேராக நாரையைப் பார்த்தாள்.

"காலையில அவன் கூப்பிட்டப்ப நானும் திரும்பிப் பாக்கலை ஐயா. பாத்திருந்தா விழுந்திருக்க மாட்டான்."

நெடுங்காலாரின் கழுத்து மெல்ல நிமிர்ந்தது. எத்தனையோ காலத்துக்குப் பிறகு ஒரு முகத்தைப் பார்த்தார். அழுது சிவந்த கண்கள்.

"எனக்குக் கேட்டதம்மா. முதல் தடவையே அவன் குரல் எனக்குக் கேட்டது."

சிறகி இன்னொரு இறக்கையை விரித்து, வெயிலில் நின்ற அவர் காலடிக்கும் கொஞ்சம் நிழல் கொடுத்தாள்.

ஒரு காலத்தில் நம் உயிரையே காத்த கொள்கையானாலும், எதிரில் நின்று அழுகிறவரை நிமிர்ந்து பார்க்க விடாவிட்டால் அது அறிவாகாது.