கல்யாணப் பட்டுப் பிரிவில் ஒரு கோடி

திருநெல்வேலி ஜவுளிக்கடை ஒன்றில், கல்யாணப் பட்டுப் பிரிவில் இசக்கியம்மாள் வேலைக்குச் சேர்ந்து ஒரு மாதம். வயது நாற்பத்தாறு. கணவர் இறந்து ஐந்து மாதம்கூட ஆகவில்லை. சீருடைச் சேலை, தலையில் ஒரு முழம் பிச்சிப்பூ, முகத்தில் சிரிப்பு, இது மூன்றும் கடையின் சட்டம். முதல் இரண்டையும் பல்லைக் கடித்துக்கொண்டு ஏற்றுக்கொண்டாள். மூன்றாவது வரவில்லை. சிரிக்காவிட்டால் திங்கட்கிழமையிலிருந்து வரவே வேண்டாம் என்று சூப்பர்வைசர் சொல்லிவிட்டார். வீட்டில் படிக்கிற பிள்ளைகள் இரண்டு.

அவளுக்குத் தொழில் கற்றுக்கொடுத்தவள் ரெஜினா. மகள் வயசுதான், இருபத்தைந்து. ஆனால் அவள் சேலை விரிக்கிற கையைப் பார்த்த நாளிலிருந்து இசக்கியம்மாளுக்கு அவள் ‘டீச்சர்’. கேலிக்கு இல்லை.

சனிக்கிழமை அவளிடம் கேட்டாள்.

“டீச்சர், உள்ள அழுதுக்கிட்டு வெளிய எப்படிச் சிரிக்க?”

ரெஜினா விரித்த சேலையை மடித்துக்கொண்டே இருந்தாள்.

அந்நேரம் கசங்கிய சட்டையோடு ஒருவர் வந்து, அக்காவுக்கு ஒரு பட்டு வேண்டும் என்றார். அங்கே நின்ற மற்ற ஆறு பெண்களும் ஒரே மாதிரி சிரித்தார்கள். முகூர்த்தம் எத்தனை மணிக்கு என்று ஒருத்தி கேட்டாள்.

“அக்கா காலைல தவறிட்டாம்மா. நாலு மணிக்கு எடுக்கோம். பொறந்த வீட்டுக் கோடிச் சேலை போடணும்.”

சிரித்த முகத்தை எங்கே கொண்டு வைப்பதென்று அவர்களுக்குத் தெரியவில்லை, பாவம். ரெஜினா இசக்கியம்மாளைப் பார்த்துத் தலையசைத்தாள்.

இசக்கியம்மாள் தலையில் இருந்த பூவை எடுத்து மேசையில் வைத்தாள். அவரை உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தாள். அக்காவுக்கு எந்த நிறம் பிடிக்கும் என்று கேட்டாள். எல்லாரும் அரக்குதான் வாங்கச் சொன்னார்கள் என்றவர், கொஞ்சம் பொறுத்து, அவளுக்குக் கிளிப்பச்சை என்றால் உயிர் என்றார். அப்புறம் அக்காவைப் பற்றியே அரைமணி நேரம் பேசினார். இசக்கியம்மாள் கேட்டுக்கொண்டிருந்தாள். மணமக்கள் படம் போட்ட பெட்டியை ஒதுக்கிவிட்டு, கிளிப்பச்சையை வெறும் தாளில் சுற்றிக் கொடுத்தாள்.

அவர் போனதும் சூப்பர்வைசர் வந்தார். பூ எங்கே, சிரிப்பு எங்கே, ஒரு சேலைக்கு அரைமணி நேரமா என்று பிடித்துக்கொண்டார்.

“அண்ணாச்சி, சிரிக்கத் தெரிஞ்சவங்க ஆறு பேரு நின்னாங்க. அவரை உக்கார வைக்க ஒருத்திக்கும் தெரியல” என்றாள் ரெஜினா. “இவங்களை அனுப்புறதுன்னா, அடுத்த கோடிக்கு நீங்கதான் வந்து நிக்கணும்.”

அண்ணாச்சி பிடரியைச் சொறிந்தார். திங்கட்கிழமை நேரத்துக்கு வரச் சொல்லிவிட்டுப் போனார்.

இசக்கியம்மாளுக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. ஆனாலும் கேள்வி தீரவில்லை.

“திங்கக்கிழமை கல்யாணப் பொண்ணு வருவாளே டீச்சர். அவகிட்ட எப்படிச் சிரிக்க?”

ரெஜினா பூவை எடுத்து அவள் கையில் கொடுத்தாள்.

“அவரு பேசிக்கிட்டிருந்த அரைமணி நேரமும், ஒங்க அழுகை எங்க இருந்துச்சுக்கா?”

இசக்கியம்மாள் பூவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.